மேலே காய்ந்தால் போதாது

ஹஸ்கி, கோல்டன் ரெட்ரீவர், ஜெர்மன் ஷெப்பர்ட், பொமரேனியன் மாதிரி அடர்ந்த முடி உள்ள நாயைக் குளிப்பாட்டுவதைவிடக் காய வைப்பதுதான் பெரிய வேலை. இவற்றுக்கு முடி இரண்டு அடுக்கு. மேலே நீளமான, கொஞ்சம் முரட்டு முடி. அடியில் பஞ்சு மாதிரி அண்டர்கோட். மேல்முடி சீக்கிரம் காய்ந்து பளபளவென்று தெரியும், சரி முடிந்தது என்று துண்டைத் தூக்கிப் போட்டுவிடுவோம், ஆனால் அடியில் மணிக்கணக்கில் ஈரம் அப்படியே நிற்கும். குளித்த மறுநாளே நாய் நாறினால் ஷாம்பூவைத் திட்டிப் பயனில்லை. நாற்றம்கூடப் பரவாயில்லை, அந்த ஈரத்தில் தோல் ஊறி அரிக்க ஆரம்பிக்கும், நாய் அங்கேயே நக்கிக் கடிக்கும், பாக்டீரியா பெருகி ஒரே நாளில் முடி கொட்டிச் சிவந்து நீர் கசியும் புண்ணாகிவிடலாம். ஹாட் ஸ்பாட் என்பது இதுதான். வந்துவிட்டால் மருத்துவரிடம் காட்டிவிடுங்கள்.

தண்ணீர் ஊற்றுவதற்கு முன்பே சிக்கெடுத்துவிட வேண்டும். நனைந்த சிக்கு இன்னும் இறுகும், அப்புறம் உள்ளே காற்றே போகாது. குளித்து முடித்ததும் கையால் முடியை வழித்துத் தண்ணீரை இறக்குங்கள். நாய் உதறினால் உதறட்டும், அதைவிட நன்றாக நம்மால் செய்ய முடியாது. துண்டால் அழுத்தி ஒற்றுங்கள். பரபரவென்று தேய்த்தால் திரும்பவும் சிக்குதான்.

டிரையரில் சூட்டை நம்பவே நம்பாதீர்கள். நாய்களுக்கென்று இருக்கும் ப்ளோயர், காற்றின் வேகத்தாலேயே நீரை முடியிலிருந்து தள்ளிவிடும். வீட்டில் நாம் பயன்படுத்தும் டிரையர்தான் இருக்கிறதா, குளிர்காற்றில் வைத்து, ஒரே இடத்தில் காட்டாமல் நகர்த்திக்கொண்டே இருங்கள், இன்னொரு கையால் முடியைப் பிரித்துவிட்டபடி. சத்தத்துக்கு மிரளும் என்பதால் பின்பக்கத்திலிருந்து தொடங்கலாம். முகத்துக்கும் காதுக்கும் துண்டு போதும். மூச்சிரைத்தால் உடனே நிறுத்திவிடுங்கள்.

காய்ந்ததா என்று கண்ணால் பார்த்துச் சொல்ல முடியாது. விரலைத் தோல் வரை விட்டுப் பாருங்கள், சில்லென்று இருந்தால் இன்னும் ஈரம் இருக்கிறது. காதுக்குப் பின்னால், அக்குள், தொடையின் பின்பக்கம், வாலின் அடி, இந்த இடங்கள்தான் கடைசியில் காயும். கழுத்துப் பட்டையை அதற்குப் பிறகு மாட்டினால் போதும்.

இவ்வளவு பாடு எதற்கு, மொட்டையடித்துவிடலாமே என்பவர்களுக்கு: வேண்டாம். வெயிலிலிருந்து தோலைக் காப்பதே அந்த முடிதான், சில நாய்களுக்குப் பழையபடி வளராமலும் போகும்.