நிலவு மறைத்தால் தெரியும்: முத்தோரையிலிருந்து காவலூருக்கு

முத்தோரை பாலாடாவில் இறங்கினால் எந்தப் பக்கம் திரும்பினாலும் மலைக்காய்கறித் தோட்டம்தான். கேரட், பீட்ரூட், உருளைக்கிழங்கு. ஊட்டியிலிருந்து 10 கிலோமீட்டருக்குள் இருக்கிற இடம், ஆனால் படகு இல்லத்துக்கும் தொட்டபெட்டாவுக்கும் போகிற கூட்டத்தில் இந்தப் பக்கம் வருகிறவர்கள் ரொம்பக் குறைவு. நாங்கள் போன அன்று பனிமூட்டம் இறங்கியிருந்தது. நான், அக்கா, ஒன்பதாம் வகுப்பு படிக்கிற அக்கா மகள். இங்கே இருக்கிற ஊட்டி ரேடியோ தொலைநோக்கியைப் பார்க்க முன்கூட்டியே எழுதி அனுமதி வாங்கியிருந்தோம். வாசலிலேயே, "போனை அணைச்சுடுங்க சார், சைலண்ட்ல போட்டாப் போதாது" என்றார்கள்.

வளாகத்துக்குள் கொஞ்சம் நடந்ததும் மூட்டத்துக்குள்ளிருந்து இரும்புச் சட்டங்கள் ஒவ்வொன்றாக வெளியே வந்தன. ஒன்றின் பின் ஒன்றாக, மலைச்சரிவில் மேலேறிக்கொண்டே போகின்றன. மொத்தம் 24 சட்டங்கள், ஒவ்வொன்றும் பரவளைய வடிவத்தில் வளைந்தவை, ஒன்றுக்கும் அடுத்ததற்கும் இடையே 23 மீட்டர். நீளம் 530 மீட்டர், அகலம் 30 மீட்டர். படத்தில் பார்த்தபோது இந்த அளவு மனதில் ஏறவே இல்லை. கீழ் முனையில் நின்று பார்த்தால் மேல் முனை பனிக்குள் மறைந்துவிடுகிறது.

அக்கா மகள் சுற்றிச் சுற்றிப் பார்த்துவிட்டுக் கேட்டாள்: "மாமா, இதுல கண்ணை எங்க வைக்கறது?"

சரியான கேள்வி. தொலைநோக்கி என்றாலே குழாயும் கண்ணாடியும்தான் நமக்கு நினைவுக்கு வரும். இங்கே கண்ணாடியும் இல்லை, தகடும் இல்லை. அந்தச் சட்டங்களின் மேல் இந்த முனையிலிருந்து அந்த முனை வரை சுமார் 1,100 மெல்லிய துருப்பிடிக்காத எஃகுக் கம்பிகளை இழுத்துக் கட்டியிருக்கிறார்கள். அந்தக் கம்பி வரிசைதான் கண்ணாடி. பக்கத்தில் போய்ப் பார்த்தால் கம்பிகளுக்கு நடுவே வானம் தெரிகிறது, காற்று தடையில்லாமல் புகுந்து போகிறது. இது எப்படி அலைகளைத் தடுத்துத் திருப்பும் என்று தோன்றும். இந்தத் தொலைநோக்கி வாங்குவது 326.5 மெகாஹெர்ட்ஸ் அலைகளை. ஒரு அலையின் நீளம் ஏறக்குறைய 92 சென்டிமீட்டர். அவ்வளவு நீண்ட அலைக்குச் சில சென்டிமீட்டர் இடைவெளி ஒரு பொருட்டே இல்லை. கம்பி வரிசை அதற்கு முழுத் தகடு மாதிரிதான். அங்கே பட்டுத் திரும்புகிற அலைகள் எல்லாம் நடுவே ஓடுகிற குவியக்கோட்டில் வந்து சேர்கின்றன. அந்தக் கோட்டில் 1,056 இருமுனை ஆன்டெனாக்கள் வரிசையாக இருக்கின்றன. கண் வைக்கிற இடம் என்றால் அதுதான்.

இதில் என் மனதை முழுசாகக் கவர்ந்தது சரிவுதான். பூமி சுழல்வதால் வானத்தில் எல்லாமே கிழக்கே உதித்து மேற்கே நகர்கின்றன. ஒரு பொருளை விடாமல் தொடர வேண்டுமானால் பூமியின் அச்சுக்கு இணையான அச்சு ஒன்றில் தொலைநோக்கியைத் திருப்ப வேண்டும். ஊட்டியின் அட்சரேகை 11 பாகைக்குச் சற்று மேல். வடக்கு தெற்காக, அதே 11 பாகைச் சாய்வில் ஒரு மலைச்சரிவு கிடைத்தால், அதன்மேல் படுக்கவைக்கிற எதுவும் தானாகவே பூமியின் அச்சுக்கு இணையாகிவிடும். கோவிந்த் ஸ்வரூப் தலைமையிலான டாடா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனக் குழு அப்படிப்பட்ட சரிவைத் தேடி வந்து முத்தோரையில் கண்டுபிடித்தது. 530 மீட்டர் அமைப்பையும் அந்த ஒரே அச்சில் மெல்லத் திருப்பினால் போதும், ஒரு பொருளைத் தொடர்ந்து சுமார் ஒன்பதரை மணி நேரம் கவனிக்கலாம். வடக்கு தெற்காகப் பார்வையை மாற்ற இரும்பை அசைக்கவே வேண்டாம். ஆன்டெனாக்களின் சமிக்ஞைகளைச் சேர்க்கிற விதத்தை மின்னணு முறையில் மாற்றினால் ஆயிற்று. 1970-ல் இது வேலை செய்யத் தொடங்கியது. வெளிநாட்டிலிருந்து முழுக் கருவியை வாங்கிவந்து நிறுத்தியது இல்லை. நம் நாட்டிலேயே வடிவமைத்து, நம் ஆட்கள் கட்டியது. அந்தக் காலத்தில், அந்த வசதிகளோடு! எத்தனை தடவை சொன்னாலும் எனக்குச் சலிக்காது.

அவ்வளவு பெரிய கருவிக்கும் பார்வையில் ஒரு குறை உண்டு. அலை நீளமாக நீளமாகப் படம் மங்கலாகும். 530 மீட்டர் நீளமிருந்தும் வடக்கு தெற்கில் இதன் பார்வைக் கூர்மை முழுநிலவின் அகலத்தில் ஐந்தில் ஒரு பங்குதான். கிழக்கு மேற்கில் நிலவையே விழுங்கிவிடும் அளவுக்கு அகலம். ரேடியோ அலைகளை வீசுகிற தொலைதூர விண்மீன் மண்டலங்களோ அதைவிட எத்தனையோ மடங்கு சின்னவை. அவற்றின் அளவை எப்படி அளப்பது?

இதற்குக் கிடைத்த வழிதான் இந்தத் தொலைநோக்கியைக் கட்டியதற்கே காரணம்: நிலவை நடுவில் வரவிடுவது. நட்சத்திரங்களின் பின்னணியில் நிலவு நொடிக்கு ஏறத்தாழ அரை விகலை நகர்கிறது. ஒரு பாகையை 3,600-ஆகப் பிரித்தால் ஒரு பங்கு ஒரு விகலை. அது எங்கே, எப்போது இருக்கும் என்பதும் நமக்குத் துல்லியமாகத் தெரியும். ரேடியோ அலைகளை வீசுகிற பொருள் ஒன்றை, அதாவது ஒரு ரேடியோ மூலத்தை, நிலவின் விளிம்பு மறைக்கத் தொடங்கும்போது சமிக்ஞை குறைகிறது, முழுதும் மறைந்ததும் நின்றுவிடுகிறது. எந்த நொடியில் மறைந்தது என்பது அதன் இடத்தைச் சொல்லும். மறைய எவ்வளவு நேரம் எடுத்தது என்பது அதன் அகலத்தைச் சொல்லும். அலைகள் நிலவின் விளிம்பில் கொஞ்சம் வளைந்துவருவதால் பதிவில் சிற்றலைகள் விழும், அதையும் கணக்கில் எடுத்துப் பிரித்தால் விகலை அளவுக்குக் கூர்மை கிடைக்கிறது. தொலைநோக்கியால் தனியாகப் பார்க்க முடியாததை, மறைக்கிற ஒன்றை வைத்துப் பார்த்துவிட்டார்கள்.

1970-களில் இப்படி நூற்றுக்கணக்கான ரேடியோ மூலங்களை அளந்தார்கள். மங்கலானவை, அதாவது பெரும்பாலும் தொலைவில் இருப்பவை, சிறியதாகத் தெரிந்தன. எப்படிச் சிறுத்துக்கொண்டே போகின்றன என்பதை ஸ்வரூப்பும் விஜய் கபாஹியும் ஆராய்ந்தபோது, பிரபஞ்சம் காலத்தோடு மாறிவந்திருக்கிறது என்பதற்கு அது சான்றாக நின்றது. என்றும் ஒரே மாதிரி இருக்கும் பிரபஞ்சம் என்ற கொள்கைக்கும் பெருவெடிப்புக் கொள்கைக்கும் வாதம் நடந்துகொண்டிருந்த காலம் அது. அந்த வாதத்தில் நம் நீலகிரிச் சரிவும் ஒரு சாட்சி சொல்லியிருக்கிறது.

பனிமூட்டம் கடைசிவரை விலகவில்லை. தொலைநோக்கிக்கு அதனால் ஒன்றுமில்லை. ரேடியோ அலைகளுக்கு மேகமும் பகலும் தடையில்லை. சூரியனிலிருந்து வீசும் சூரியக்காற்றுக்குள் புகுந்து வரும்போது தொலைதூர ரேடியோ மூலங்கள் மினுக்குகின்றன, அந்த மினுக்கத்தை வைத்துக் காற்றின் வேகத்தை அளக்கிறார்கள். சூரியப் புயல்களைத் தொடர்வதில் இந்தத் தொலைநோக்கிக்கு நீண்ட அனுபவம்.

அப்புறம் சில வாரங்கள் கழித்துக் காவலூர். வாணியம்பாடியிலிருந்து ஆலங்காயம் வழியாக ஜவ்வாது மலையில் ஏற வேண்டும். இங்கே இருப்பது கண்ணால் காண்கிற ஒளியைச் சேர்க்கும் தொலைநோக்கிகள். ஆகவே எல்லாமே தலைகீழ். மேகம் வந்தால் வேலை நின்றுவிடும், பக்கத்து ஊர் விளக்குகூடப் பகை. வானியலாளர் வைணு பாப்பு இந்த மலையைத் தேர்ந்தெடுத்து, 1968-ல் ஒரு 38 செ.மீ. தொலைநோக்கியோடு தொடங்கினார். பெரிய 2.34 மீட்டர் தொலைநோக்கிக்காக உழைத்தவரும் அவர்தான், ஆனால் அது முடிவதற்குள் 1982-ல் காலமாகிவிட்டார். 1986-ல் திறந்தபோது அவர் பெயரையே வைத்தார்கள்.

அந்தக் கோபுரத்துக்குள் நின்று அண்ணாந்து பார்த்தபோது முத்தோரைச் சரிவு நினைவுக்கு வந்தது. குதிரை லாட வடிவத்தில் ஒரு பெரிய தாங்கி, அதன் அச்சு காவலூரின் அட்சரேகைக்கு ஏற்பப் பன்னிரண்டரைப் பாகை சாய்ந்திருக்கிறது. ஊட்டியில் மலை செய்கிற வேலையை இங்கே இரும்பு செய்கிறது.

ஆனால் நான் பார்க்க ஆசைப்பட்டு வந்தது, அதைவிடச் சிறிய 1 மீட்டர் தொலைநோக்கியை. 1977 மார்ச் 10 அன்று யுரேனஸ் ஒரு மங்கலான நட்சத்திரத்தை நெருங்கிச் செல்ல இருந்தது. உலகில் பல இடங்களில் காத்திருந்தார்கள், காவலூரிலும் ஜே.சி. பட்டாச்சார்யா குழுவினர் காத்திருந்தார்கள். கிரகம் நெருங்குவதற்கு முன்பே நட்சத்திரத்தின் ஒளி சட்டெனச் சில நொடிகள் மங்கி, மறுபடி பழைய நிலைக்கு வந்தது. நடுவில் ஏதோ ஒன்று கடந்திருக்கிறது. புதிய துணைக்கோளாக இருக்கலாம் என்று முதலில் கருதினார்கள். இந்தியப் பெருங்கடலுக்கு மேலே விமானத்தில் தொலைநோக்கியோடு பறந்த ஜேம்ஸ் எலியட்டின் அமெரிக்கக் குழுவோ, கிரகத்துக்கு இந்தப் பக்கம் ஐந்து முறை, அந்தப் பக்கம் ஐந்து முறை ஒளி மங்கியதைப் பதிவு செய்தது. இரண்டு பக்கமும் ஒத்துப்போனால் அது வளையம்தானே! சனிக்கு மட்டும்தான் வளையம் என்று நம்பியிருந்த காலம் அன்றோடு முடிந்தது. காவலூர்ப் பதிவும் அந்தக் கதையில் ஒரு பக்கம். இங்கேயும் பாருங்கள், கண்டுபிடித்தது எதையும் நேராகப் பார்த்து இல்லை. ஒரு நட்சத்திரம் எப்போது, எவ்வளவு நேரம் மங்கியது என்ற பதிவைப் பார்த்துத்தான்.

அக்கா மகளுக்கு இந்த இடத்தில் விஷயம் பிடிபட்டுவிட்டது. "ஊட்டியில நிலவு செஞ்சதை இங்க யுரேனஸ் வளையம் செஞ்சிருக்கு, இல்ல மாமா?" என்றாள். அதே அதே. ஒன்று ரேடியோ அலை, மற்றது ஒளி, முறை ஒன்றுதான்.

போக நினைப்பவர்களுக்கு: முத்தோரை சுற்றுலாத் தலம் இல்லை, ஆராய்ச்சி நடக்கும் இடம். முன்கூட்டியே எழுதிக் கேட்டு, அனுமதி கிடைத்தபின் போங்கள். காவலூரில் சனிக்கிழமைகளில் பொதுமக்களை அனுமதிக்கிறார்கள். கிளம்புமுன் நேரத்தை உறுதி செய்துகொள்ளுங்கள். ஜனவரி முதல் ஏப்ரல் வரை வானம் தெளிவாக இருக்க வாய்ப்பு அதிகம், மழைக்காலத்தில் போய்ப் பயனில்லை. அமாவாசையை ஒட்டிய சனிக்கிழமையாகப் பாருங்கள். இரவில் மலையில் குளிரும், ஸ்வெட்டர் அவசியம். அடுத்து நாங்கள் போக விரும்புவது புனே மாவட்டத்துக் கோடத் கிராமம். ஸ்வரூப் பிற்பாடு அங்கே, 45 மீட்டர் விட்டமுள்ள 30 கிண்ண வடிவ ரேடியோ ஆன்டெனாக்களைப் பரப்பி வைத்து, அவற்றை ஒன்றாக இணைத்து ஒரே தொலைநோக்கியாக வேலை செய்ய வைத்தார். நிலவு வந்து மறைக்கும்வரை அங்கே காத்திருக்க வேண்டியதில்லை.