சேப்பாக்கத்தில் 11 விக்கெட், சிசிலியில் குண்டு

ஹெட்லி வெரிட்டி. இங்கிலாந்தின் யார்க்‌ஷயர்க்காரர், இடதுகை சுழற்பந்து. நம்ம சேப்பாக்கத்தில் நடந்த முதல் டெஸ்டில் (பிப்ரவரி 1934) இரண்டு இன்னிங்ஸில் 7-ம் 4-ம் ஆக 11 விக்கெட் எடுத்தவர் இவர்தான். அதை இங்கே யாரும் பேசிக் கேட்டதில்லை.

1932-ல் நாட்டிங்ஹாம்ஷயருக்கு எதிராக ஒரே இன்னிங்ஸில் 10 ரன் கொடுத்து 10 விக்கெட். 19.4 ஓவரில் 16 மெய்டன் (ரன்னே கொடுக்காத ஓவர்), நடுவே ஒரு ஹாட்ரிக் வேறு! டெஸ்டில் ஆஸ்திரேலியாவின் பேட்டிங் மேதை பிராட்மேனை 8 முறை அவுட் ஆக்கினார். வேறு யாரும் அத்தனை தடவை செய்ததில்லை. என்னைக் கேட்டால் அந்த 10-க்கு 10-ஐவிட இதுதான் பெரிசு.

1939 செப்டம்பர் 1. ஹிட்லர் போலந்துக்குள் நுழைந்த அதே நாள், ஹோவ் மைதானத்தில் சசெக்ஸ் அணியை 9 ரன்னுக்கு 7 விக்கெட் எடுத்துச் சுருட்டினார். அதுதான் கடைசி முதல்தர ஆட்டம். பிறகு கிரீன் ஹோவர்ட்ஸ் படைப்பிரிவில் கேப்டன். ராணுவத்தோடு மறுபடியும் இந்தியா வந்தவரை வயிற்றுக்கடுப்பு படுத்தி எடுத்தது.

1943 ஜூலை, சிசிலி. ராத்திரியில் கட்டானியா சமவெளியில் தன் கம்பெனி வீரர்களை முன்னே நடத்திப் போகிறார். சுற்றிலும் எரியும் பயிர். நெஞ்சில் குண்டு. விழுந்த நிலையிலும் ‘நிற்காதே, முன்னே போ’ என்றுதான் ஆட்களை விரட்டியிருக்கிறார். ஜெர்மானியர் கையில் கைதியாகி, இத்தாலியில் கசெர்ட்டா ஆஸ்பத்திரியில் ஜூலை 31-ம் தேதி இறந்துபோனார். வயசு 38. கல்லறையும் அங்கேயேதான்.

அடுத்த தடவை சேப்பாக்கம் டிக்கெட்டுக்கு அடித்துக்கொள்ளும்போது ஒருதரம் அந்த 1934 ஸ்கோர்கார்டைத் தேடிப் பாருங்க மக்களே.