சம்பூரைப் படம் எடுப்பது

சுற்றுச்சூழல் ஆவணப்படம் எடுக்கிறேன் என்றால் திருகோணமலைக் கடலில் இருக்கிற புறாத்தீவின் பவளப்பாறையைத்தான் எடுப்பேன் என்று பலர் நினைக்கிறார்கள். அதுவும் எடுக்கலாம், அழகாகத்தான் இருக்கும். ஆனால் திருகோணமலையில் இந்த வேலையைச் செய்கிறவரால் சம்பூர் என்ற ஊரின் கதையைத் தாண்டிப் போக முடியாது. 2006இல் போரால் இடம்பெயர்ந்த சனம், திரும்பி வருவதற்குள் அவர்களுடைய காணிகளுக்கு 500 மெகாவாட் நிலக்கரி மின்நிலையத் திட்டம் வந்து, முகாம்களில் வருடக்கணக்காகக் காத்திருந்து, 2015இல்தான் பலர் தங்கள் காணிக்குத் திரும்பினார்கள். அடுத்த வருடம் நிலக்கரித் திட்டமே கைவிடப்பட்டது. இப்போது அங்கே சூரிய மின்திட்டம்.

நிலக்கரி என்றால் வில்லன் தயாராக இருக்கிறான், கதை சொல்வது சுலபம். சூரிய மின்சாரம் நல்லது, சரி, ஆனால் காணி யாருடையது என்ற கேள்வி அப்படியே கிடக்கிறது. நிதி தருகிறவர்கள், "அப்ப இது யாருக்கு எதிரான படம்?" என்று கேட்கிறார்கள். ஊரில் ஓர் அம்மா கேட்டது வேறு: "தம்பி, முந்தியும் இப்படித்தான் எடுத்துக்கொண்டு போனவை, ஒருத்தரும் படத்தைக் காட்டேல்லை." நியாயம்தானே. அதனால் என் படங்களை முதலில் ஊரில்தான் போடுவேன், கொழும்பு பிறகு. பிழை பிடிப்பதில் அந்தச் சனத்தை மிஞ்ச ஆளில்லை. எந்த வயல் எந்தக் குளத்து நீரில் விளைந்தது என்பதில் தொடங்கிவிடுவார்கள், நான் திரும்பவும் எடிட்டிங்கில் உட்கார வேண்டியதுதான்.