மூன்றாவது இரவு

மூன்றாவது இரவுப் படப்பிடிப்புக்கு மாளிகைக்காரர்கள் மறுப்புச் சொல்லவே இல்லை. தொலைபேசியில் பேசியது நான்தான். "தாராளமாக எடுத்துக்கொள், மகளே" என்றார் அந்த வீட்டு அம்மா. வாடகையைக்கூடக் குறைத்துச் சொன்னார். உடனே எங்கள் தயாரிப்பு நிர்வாகியிடம் தெரிவித்தேன். அவர் நேராக இயக்குநரிடம் போய், "மாளிகையில் முடியாது என்றுவிட்டார்கள்" என்றார். நான் பக்கத்தில்தான் நின்றேன்.

இயக்குநர் கொஞ்ச நேரம் கத்தினார். அப்புறம் உட்கார்ந்து விருந்துக் காட்சியைச் சுருக்கி எழுதினார். மண்டபத்தை விட்டுவிட்டு மாடிப்படியிலேயே எடுத்து முடித்தார். படத்தில் எல்லோரும் பாராட்டுவது அந்தக் காட்சியைத்தான்.

"பணம் இல்லை என்றே சொல்லியிருக்கலாமே?" என்று திரும்பும் வழியில் நிர்வாகியிடம் கேட்டேன்.

"பணம் இல்லை என்றால் அவன் என்னோடு சண்டை போடுவான். மாளிகை இல்லை என்றால் காட்சியோடு போராடுவான். எனக்கு வேண்டியது இரண்டாவது."

அவர் கணக்கில் பிழையில்லை. இரவு வேலை விடியற்காலையில் முடிந்தால், பதினொரு மணி நேர ஓய்வு கொடுத்த பிறகே ஆட்களை மறுபடி கூப்பிட முடியும். அதனால் ஒரு இரவு கொடுத்தால் மறுநாள் பகலும் சேர்ந்து போகும். விளக்குக்காரர்களின் ஓவர்டைம், ஜெனரேட்டர், எல்லோருக்கும் செஸ்தீனோ எனும் சாப்பாட்டுப் பொட்டலம் என்று செலவு ஏறிக்கொண்டே போகும். ரோமில் எடுக்கவேண்டிய கடைசி வாரத்தில்தான் அது கைவைத்திருக்கும்.

இத்தாலியின் தித்தானுஸ் படநிறுவனத்தை நடத்திய தயாரிப்பாளர் லொம்பார்தோவின் கதையை அவர் அடிக்கடி சொல்வார். 'இல் கத்தோபார்தோ' படத்துக்கு இயக்குநர் விஸ்கோந்தி கேட்டதையெல்லாம் கொடுத்தார் லொம்பார்தோ. சிசிலித் தீவில் உள்ள பலெர்மோவின் காஞ்சி மாளிகையில் எடுத்த அந்த நடன விருந்தை இன்றும் உலகம் கொண்டாடுகிறது. 1963இல் கான் திரைப்பட விழாவின் முதல் பரிசும் கிடைத்தது. ஆனால் அந்தப் படத்தின் செலவும் கூடவே இன்னொரு பெரிய படத்தின் செலவும் சேர்ந்து, 1904இல் தொடங்கிய நிறுவனத்தைப் படத் தயாரிப்பிலிருந்தே விலக வைத்தன. "படம் பிழைத்தது, வேலை கொடுத்த நிறுவனம் போயிற்று" என்பார்.

சரி. ஆனால் கிறிஸ்தால்தியும் தயாரிப்பாளர்தானே? அவர் தயாரித்த, இயக்குநர் தொர்னத்தோரேயின் 'நுவோவோ சினிமா பரதீசோ' 1988இல் நீளமாக வெளிவந்து ஓடவில்லை. சுருக்கிய வடிவம்தான் கானிலும் ஆஸ்கரிலும் வென்றது. அங்கே படத்தைக் குறைத்தது இயக்குநருக்குத் தெரிந்தே நடந்தது. 'இல்லை' என்று சொல்வது தயாரிப்பாளரின் உரிமை. அதை இன்னொருவர் சொன்னதாகச் சொல்லும் உரிமை யார் கொடுத்தது?

இப்படிக் கேட்டுவிட்டு அடுத்த நிமிடமே எங்கள் நிர்வாகியின் பக்கம் போய்விடுகிறேன். அந்தக் கடைசி வாரம் இல்லையென்றால் படமே முடிந்திருக்காது. முழுச் சம்பளம் வாங்கிக்கொண்டு போன தச்சர்களையும் ஓட்டுநர்களையும் எனக்குத் தெரியும். அவர் பெயரோ படம் முடிந்து எல்லோரும் எழுந்து போகும்போது திரையில் ஓடும். வாழ்நாள் முழுக்க அவர் அப்படித்தான் வேலை செய்தார்.

ஆனால் இயக்குநர் இப்போது மேடைக்கு மேடை அந்த இரவைப் பற்றிப் பேசுகிறார். "அந்தக் குடும்பம் கதவை அடைத்தது, அதனால்தான் மாடிப்படி கிடைத்தது" என்கிறார். கேட்பவர்கள் கைதட்டுகிறார்கள். யாழ்ப்பாணத்திலிருந்து பலெர்மோ வந்த என் அம்மா இப்படிப்பட்ட வீடுகளில் வேலை செய்துதான் என்னை வளர்த்தார். அங்கே எப்படிப்பட்ட கதவுகள் அடைக்கப்படும் என்பது எனக்குத் தெரியும். இந்த அம்மா அடைக்கவில்லை, திறந்துதான் வைத்திருந்தார்.

போன வருடம் நானே நிர்வாகியாக ஒரு படத்தில் இருந்தேன். அதே மாதிரி நெருக்கடி வந்தது. பணம் இல்லை என்று இயக்குநரிடம் நேரடியாகச் சொன்னேன். பாதி இரவு வாக்குவாதத்தில் போயிற்று. மீதி இரவில் எடுத்த காட்சி நன்றாக வரவில்லை, படத்தொகுப்பில் அதைத் தூக்கிவிட்டார்கள். படம் முடியும்வரை அவர் என்னோடு சரியாகப் பேசவில்லை. நான் சொன்னதில் ஒரு சொல்கூடப் பொய் இல்லை.

மாளிகை அம்மாவிடம் நடந்ததைச் சொல்லிவிடலாம் என்று பலமுறை நினைத்திருக்கிறேன். சொன்னால் போவது இப்போது ஓய்வில் இருக்கும் அந்த நிர்வாகியின் பெயர். எனக்குத் தொழில் கற்றுக் கொடுத்தவர் அவர். சொல்லாதவரை அந்த அம்மாவின் பெயர் மேடைதோறும் போய்க்கொண்டிருக்கிறது.