எழுதி வாங்கிய காகிதம்

மகளிர் காவல் நிலையத்தில் உதவி ஆய்வாளராக இருந்த காலத்தில் நான் அதிகம் எழுதி வாங்கிய வாசகம் இதுதான்: "இனிமேல் எந்தப் பிரச்சினையும் செய்ய மாட்டேன்." கணவர் கையெழுத்துப் போடுவார், மாமியார் கைநாட்டு வைப்பார், உறவுக்காரர் இருவர் சாட்சி. மனு ரசீதோடு சேர்த்து வைத்தால் விசாரணை முடிந்தது. அந்தப் பெண் அடித்தவரோடு அதே ஆட்டோவில் வீட்டுக்குப் போவாள்.

அந்தக் காகிதத்தை மீறினார் என்பதற்காக மட்டும் ஒருவரைத் தண்டிக்க முடியாது. நீதிமன்றம் தரும் பாதுகாப்பு உத்தரவு அப்படியில்லை. 2005-ம் ஆண்டின் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டப்படி அதை மீறுவதே தனிக் குற்றம். ஓராண்டு வரை சிறை, 20,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். வீட்டை விட்டு வெளியேற்றக் கூடாது என்றும் உத்தரவு வாங்கலாம். இதையெல்லாம் விளக்கி, சமூகநலத் துறையின் பாதுகாப்பு அலுவலரைப் பார்க்கச் சொன்னால், பெண்ணின் சொந்த அண்ணனே குறுக்கிடுவார்: "கோர்ட்டெல்லாம் எதுக்கு மேடம், நீங்களே சேர்த்து வைச்சிருங்க." கோர்ட்டுக்குப் போனால் குடும்பம் உடைந்துவிடும் என்று ஊரே நம்புகிறது. அடி வாங்கும் வீட்டில் ஏற்கெனவே என்ன உடையாமல் இருக்கிறது?

காவல் துறையிலும் குறை உண்டு. குடும்பத் தகராறில் வழக்குப் பதியும் முன் முதல்கட்ட விசாரணை செய்யலாம் என்று 2013-ல் லலிதா குமாரி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. புகாரில் வழக்குப் பதியத்தக்க குற்றம் இருக்கிறதா என்று பார்க்கத்தான் அந்த அனுமதி. அதை வைத்துக்கொண்டு வாரக்கணக்கில் சமரசம் பேசுவது சரியில்லை என்பதே என் கருத்து.

வீட்டை எதிர்த்துக் கல்யாணம் செய்துகொண்டு தஞ்சம் கேட்டு வருபவர்கள் விஷயம் வேறு. வயது வந்த இருவர் சாதி மாறித் திருமணம் செய்தால் யாரும் மிரட்டாமல் பார்த்துக்கொள்வது போலீசின் கடமை என்று 2006-லேயே லதா சிங் வழக்கில் தீர்ப்பாகிவிட்டது. மஞ்சள் காயாத தாலிக்கயிறோடு ஒரு பெண் வந்தாள். பத்தாம் வகுப்பு மதிப்பெண் பட்டியலைப் பிளாஸ்டிக் உறைக்குள் வைத்து, உட்கார்ந்த பிறகும் அதைக் கீழே வைக்கவில்லை. "நான் மேஜர் மேடம்" என்பதையே திரும்பத் திரும்பச் சொன்னாள். வாசலில் அவளுடைய அப்பா, "அஞ்சு நிமிஷம் தனியா பேசணும்மா" என்றார். அந்த ஐந்து நிமிடத்தில்தான் எல்லாமே நடக்கும். அம்மா விஷம் குடிப்பாள் என்பார்கள், காலில் விழுவார்கள். "ஏம்மா, பேச விருப்பமா?" என்று அவளிடமே கேட்டேன். தலையாட்டி மறுத்தாள். "ஐயா, அவங்களுக்கு விருப்பம் இல்லை" என்றேன். அவர் படியிறங்கிவிட்டுத் திரும்பி வந்து, "சாப்பிட்டாளான்னு மட்டும் கேட்டுச் சொல்லுங்க" என்றார். அவர் மேலும் எனக்கு வருத்தம்தான். ஆனாலும் தனியே விடவில்லை.

இப்படிப்பட்டவற்றில் சில, பெண்ணை நேரில் கொண்டுவந்து நிறுத்தக் கேட்கும் ஆட்கொணர்வு மனுவாக உயர் நீதிமன்றம் போகும். நீதிபதி கேட்பார், பெண் தன் விருப்பத்தைச் சொல்வாள், மனு முடிந்துவிடும். ஆபத்து முடியாது. தம்பதி வேறு ஊரில் வீடு எடுத்தால் அந்த எல்லைக் காவல் நிலையத்துக்கு எதுவும் தெரியாது. அதனால் உத்தரவின் நகலை அனுப்பிவிட்டு, அங்குள்ள ஆய்வாளரிடம் நானே போனில் பேசிவிடுவேன்.

அண்ணன் தம்பி பாகப் பிரிவினைக்குப் பந்தோபஸ்து கேட்டும் வருவார்கள். யாருக்கு எவ்வளவு என்று சொல்ல எங்களுக்கு அதிகாரம் இல்லை. சிவில் கோர்ட் உத்தரவிட்டால் துணைக்கு நிற்கலாம், அடிதடி என்றால் வழக்குப் போடலாம். அவ்வளவுதான்.

அப்புறம், புதிதாகப் பணிக்கு வந்த பெண் காவலர்களிடம் நான் வற்புறுத்திய ஒன்று உண்டு. மனுவை வாங்கியதும் "என்ன நடந்தது?" என்பதற்கு முன்பே, "இன்னைக்கு ராத்திரி எங்கே தங்கப் போறீங்க?" என்று கேளுங்கள். பதில் தெளிவாக இல்லையென்றால் பெண்கள் உதவி எண் 181-க்குப் பேசி, ஒருங்கிணைந்த சேவை மையத்தில் இடம் கேளுங்கள். எதிர்த்தரப்பை விசாரணைக்குக் கூப்பிடுவதெல்லாம் அதற்குப் பிறகு.