ஒன்பது பூக்கள் ஒதுங்கிய கரை

தாமிரபரணிக் கரையில் இருக்கும் ஒன்பது சிவன் கோயில்களான நவகைலாயம் போக வேண்டும் என்று அத்தை பத்து வருஷமாகச் சொல்லிக்கொண்டிருந்தார். மார்கழி ஞாயிற்றுக்கிழமைகளில் திருநெல்வேலியிலிருந்து தனிப் பேருந்தே விடுகிறார்கள். விடியற்காலை ஏறினால் ஒன்பது கோயிலையும் ஒரே நாளில் முடித்துவிடலாம். எனக்குத்தான் மனம் ஒப்பவில்லை. இறங்கு, கும்பிடு, ஏறு என்று ஓடினால் கோயில் ஒன்பதும் கணக்கில் வரும், ஆறு வராது. நான் தாமிரபரணியைப் பார்க்க வேண்டும். அதனால் தை பிறந்து கூட்டம் குறைந்த பிறகு, அம்பாசமுத்திரத்தில் அத்தை வீட்டில் இருந்து காரில் கிளம்பினோம். இரண்டு நாள் எடுத்துக்கொள்வது என்று ஒப்பந்தம்.

கதை தெரிந்ததுதான். அகத்தியரின் சீடர் உரோமச முனிவர் முக்தி வேண்டி நின்றபோது, அகத்தியர் ஒன்பது தாமரைப் பூக்களைப் பொருநையில், அதாவது தாமிரபரணியில், மிதக்கவிட்டார். ஒவ்வொரு பூவும் கரை ஒதுங்கிய இடத்தில் ஒரு லிங்கம் வைத்து வழிபட்டுக்கொண்டே போ, ஆறு கடலில் கலக்கும் இடத்தில் நீராடு என்றார். சின்ன வயதில் கேட்டபோது வெறும் கதையாக இருந்தது. இப்போது கூகுள் வரைபடத்தில் ஒன்பது ஊர்களையும் குறித்துப் பார்த்தபோதுதான் ஒன்று உறைத்தது. ஒவ்வொரு கோயிலும் ஒரு கிரகத்துக்கு உரியது. பாபநாசம் சூரியன், சேரன்மகாதேவி சந்திரன், கோடகநல்லூர் செவ்வாய் என்று மூன்று வரை கிழமை வரிசை சரியாக வருகிறது. நான்காவது குன்னத்தூரில் ராகு வந்துவிடுகிறார். அப்புறம் முறப்பநாடு குரு, ஸ்ரீவைகுண்டம் சனி, தென்திருப்பேரை புதன், ராஜபதி கேது, கடைசியாகச் சேர்ந்தபூமங்கலம் சுக்கிரன். கிரக வரிசையாகப் பார்த்தால் குழப்பம். ஆற்றின் வரிசையாகப் பார்த்தால் ஒரு இடம்கூட மாறவில்லை, மேலிருந்து கீழே அப்படியே இறங்குகிறது. கிரகங்கள் பிறகு வந்து சேர்ந்திருக்க வேண்டும், மூலக்கணக்கு தண்ணீருடையது என்பது என் ஊகம். அத்தையிடம் சொன்னேன். "ஏல, சாமி கணக்கு ஒனக்கு என்னத்தத் தெரியும்?" என்றார்.

பாபநாசத்தில் இறங்கும்போது மணி ஆறு. பொதிகை மலை பின்னால் கறுப்பாக நின்றது. ஆறு மலையை விட்டுச் சமதளத்துக்கு வரும் இடம் இது. கோயிலுக்கு எதிரே படித்துறை. அத்தை குளித்துவிட்டு நடுங்கிக்கொண்டே மீன்களுக்குப் பொரி போட்டார். காலைச் சுற்றி மொய்க்கின்றன, பயமே இல்லை. உலகம்மை சன்னிதிக்கு முன்னால் ஒரு உரல் இருக்கிறது. பெண்கள் விரலி மஞ்சள் போட்டு இடிக்கிறார்கள், அந்தப் பொடியில்தான் அம்மனுக்கு அபிஷேகம். அத்தையும் நாலு இடி இடித்தார். எழுபது வயதில் உலக்கை பிடித்த தோரணையைப் பார்க்க வேண்டும்.

ஒரு வருத்தமும் உண்டு. பாவம் தீர்க்கும் ஊர் என்று வருகிறவர்கள், கட்டியிருக்கும் துணியையும் ஆற்றிலேயே விட்டுவிட்டுப் போகிறார்கள். கல்லிடுக்கில் ஈரச் சேலை ஒன்று சிக்கி ஆடிக்கொண்டிருந்தது. இதை எந்த முனிவரும் சொன்னதாகத் தெரியவில்லை.

தாமிரபரணி நீளத்தில் பெரிய ஆறு அல்ல, சுமார் 128 கிலோமீட்டர்தான். ஆனால் தமிழ்நாட்டிலேயே பிறந்து தமிழ்நாட்டிலேயே கடலில் சேர்கிறது, அதனால் பக்கத்து மாநிலத்தோடு பஞ்சாயத்து இல்லை. பொதிகைக்குத் தென்மேற்குப் பருவமழையும் உண்டு, வடகிழக்குப் பருவமழையும் உண்டு. ஆனியில் தொடங்கும் கார் சாகுபடிக்கு ஒரு மழை, ஐப்பசிக்குப் பிறகு பிசானத்துக்கு இன்னொரு மழை. இந்தப் பக்கத்தில் ஆட்கள் ஒருவரையொருவர் விசாரிப்பதே "பாபநாசம் எத்தனை அடி?" என்றுதான். அணையின் முழு மட்டம் 143 அடி, சேர்வலாறு 156, மணிமுத்தாறு 118. அத்தைக்கு இது மூன்றும் மனப்பாடம். பேரன் பிறந்த தேதிதான் மறந்துபோகும்.

சேரன்மகாதேவிக்குப் போகிற வழியெல்லாம் பிசானப் பயிர் கதிர் வாங்கி நின்றது. அம்மநாதரைக் கும்பிட்டுவிட்டு, கன்னடியன் கால்வாய்க் கரையில் கொஞ்ச நேரம் நின்றோம். கன்னட தேசத்திலிருந்து வந்த ஒருவர் தன்னிடமிருந்த பொன்னை நல்ல காரியத்துக்குச் செலவழிக்க அகத்தியரிடம் யோசனை கேட்டாராம். ஒரு பசுவின் பின்னால் போ, அது நடந்த தடத்தில் கால்வாய் வெட்டு, கோமியம் விட்ட இடத்தில் மடை வை, படுத்த இடத்தில் குளம் தோண்டு என்றாராம் முனிவர். மாடு மேட்டில் ஏறாமல் சரிவு பார்த்துத்தான் நடக்கும், தண்ணீரும் அப்படித்தானே. எந்தப் பொறியாளர் இந்தக் கதையைக் கட்டினாரோ, கெட்டிக்காரர். கோடைமேலழகியான், நதியுண்ணி, கன்னடியன், அரியநாயகிபுரம், பழவூர், சுத்தமல்லி, மருதூர் என்று இந்த ஆற்றில் பழைய அணைக்கட்டுகள் மட்டும் ஏழு. எட்டாவதான ஸ்ரீவைகுண்டம் 19ஆம் நூற்றாண்டில் ஆங்கிலேயர் காலத்தில் கட்டியது.

கால்வாய்க் கரையில் நான் நின்ற நேரத்துக்குத் தண்டனை கிடைத்தது. கோடகநல்லூரில் அவசரமாகத் தரிசனம் முடித்துக் குன்னத்தூர் போய்ச் சேரும்போது நடை சாத்தியிருந்தார்கள். "ஏல, நீ சாமியப் பாக்க வந்தியா, தண்ணியப் பாக்க வந்தியா?" என்று அத்தை கேட்டதற்கு என்னிடம் பதில் இல்லை. வயலுக்கு நடுவே ஒரு வேப்பமர நிழலில் கட்டுச்சோற்றைப் பிரித்தோம். புளியோதரையும் கொத்தவரை வற்றலும். சாயங்காலம் நடை திறந்து கோத பரமேஸ்வரரைப் பார்த்தபோது சன்னிதியில் எங்கள் இருவரைத் தவிர யாரும் இல்லை. மதியமே பார்த்திருந்தால் இந்த அமைதி கிடைத்திருக்காது என்று மெதுவாகச் சொல்லிப் பார்த்தேன். முறைத்தார்.

இரவு திருநெல்வேலியில் தங்கல். காலையில் முதல் வேலையாகக் குறுக்குத்துறை முருகனைப் பார்க்கப் போனோம். நவகைலாயத்தில் சேராத கோயில், ஆனால் ஆற்றுக்குள்ளேயே இருக்கும் கோயில். வெள்ளம் வரும் முன்பே உற்சவரை மேலக்கோயிலுக்கு எடுத்துப் போய்விடுவார்கள், மூலவர் தண்ணீருக்கு அடியில் இருப்பார். வடிந்த பிறகு சேறு அள்ளிக் கழுவிவிட்டுப் பூஜை தொடரும். பக்கத்தில் பாளையங்கோட்டைக்குப் போகும் பாலம், 1843-ல் சுலோசன முதலியார் தம் சொந்தப் பணத்தில் கட்டியது. அவர் பெயரில்தான் இன்றும் நிற்கிறது.

முறப்பநாட்டில் ஆற்றைத் தட்சிண கங்கை என்கிறார்கள். இங்கே நந்திக்குக் குதிரை முகம். குதிரை முகத்தோடு பிறந்த ஒரு சோழ இளவரசி இந்தத் துறையில் நீராட, அந்த முகத்தை நந்தி வாங்கிக்கொண்டதாம். அத்தை நந்தியின் காதில் வெகுநேரம் ஏதோ சொல்லிக்கொண்டிருந்தார். என்ன என்று நான் கேட்கவில்லை.

அங்கிருந்து ஆற்றைத் தாண்டித் தென்கரைக்கு வந்து ஆதிச்சநல்லூரில் நிறுத்தினேன். கோயில் இல்லாத ஊரில் எதற்கு என்று அத்தைக்கு எரிச்சல். பறம்பு என்று சொல்லும் அந்த மேட்டில்தான் முதுமக்கள் தாழிகள் கிடைத்தன. 1876-ல் ஜாகர் என்ற ஜெர்மானியர் தோண்டி பெர்லினுக்கு எடுத்துப் போனார். பிறகு அலெக்ஸாண்டர் ரீ விரிவாகத் தோண்டினார். இரும்புக் கருவிகள், வெண்கலப் பாத்திரங்கள், பொன்னில் நெற்றிப்பட்டங்கள் எல்லாம் வந்தன. எனக்குப் பிடித்தது அவர்கள் தேர்ந்தெடுத்த இடம். சுற்றிலும் நஞ்சை, அதில் ஒரு முழம்கூட இறந்தவர்களுக்கு ஒதுக்கவில்லை. எதுவும் விளையாத கல்மேட்டில் புதைத்திருக்கிறார்கள். பக்கத்தில் சிவகளையில் ஒரு தாழிக்குள் கிடைத்த நெல் உமி, மூவாயிரம் ஆண்டுக்கு மேல் பழையது என்று கரிமக் கணக்கு சொல்கிறது. இதைச் சொன்னதும் அத்தை இறங்கி வந்து பார்த்தார். "அப்பவும் நம்ம ஊரு நெல்லுதானா!" என்றார்.

ஸ்ரீவைகுண்டம் குமரகுருபரர் பிறந்த ஊர். கைலாசநாதர் கோயிலும் பெருமாள் கோயிலும் இரண்டுமே பெரியவை. இந்தக் கரையில் சைவத்துக்கு ஒன்பது என்றால் வைணவத்துக்கும் நவதிருப்பதி என்று ஒன்பது இருக்கிறது. ஆழ்வார்திருநகரியில் இருந்த நம்மாழ்வார் இந்த ஆற்றைப் பொருநல் என்று பாடுகிறார். நாங்கள் அணைக்கட்டுப் பக்கம் நின்றோம். வடகால், தென்கால் என்று இரண்டு கால்வாய்கள் பிரிந்து போன பிறகு ஆறு மெலிந்து கிடந்தது.

இதே ஆறுதான் 2023 டிசம்பர் 17, 18-ல் ஊரையே விழுங்கியது. காயல்பட்டினத்தில் மட்டும் ஒரே நாளில் 95 சென்டிமீட்டர் மழை. ஸ்ரீவைகுண்டம் ஸ்டேஷனில் நூற்றுக்கணக்கான பயணிகளோடு ரயில் நின்றுபோனது. டீக்கடையில் ஒருவர் கையைத் தலைக்கு மேலே தூக்கிச் சுவரில் காட்டினார், தண்ணீர் வந்த உயரத்தை. அதைச் சொன்ன குரலில் கோபம் இல்லை. வீட்டுக்கு வந்துபோன கண்டிப்பான தாத்தாவைப் பற்றிச் சொல்வதுபோல் இருந்தது.

தென்திருப்பேரையில் அதிக நேரம் இல்லை. ராஜபதியில் எனக்கு நேரம் வேண்டியிருந்தது. அங்கே இருந்த பழைய கோயிலை வெள்ளம் கொண்டுபோய்விட்டது. இப்போது இருப்பது அண்மைக் காலத்தில் புதிதாகக் கட்டியது, கல்லெல்லாம் இன்னும் வெளிறித் தெரிகிறது. ஆறு கொண்டுவந்த பூவுக்குக் கட்டிய கோயிலை ஆறே எடுத்துக்கொண்டது. இடம் மட்டும் மறக்காமல் மறுபடியும் அங்கேயே கட்டியிருக்கிறார்கள். "கேது அப்படித்தான், இருக்கதப் பிடுங்கிட்டுத்தான் குடுப்பாரு" என்றார் அத்தை.

ஒன்பதாவது பூ சேர்ந்த மங்கலம்தான் சேர்ந்தபூமங்கலம். தீபாராதனையின்போது அத்தை கண்ணைத் துடைத்துக்கொண்டார். பத்து வருஷ வேண்டுதல்.

உரோமசர் கடலில் நீராடினாரே, நாமும் போவோம் என்று புன்னைக்காயலுக்குக் கூட்டிப்போனேன். ஒரு காலத்தில் பாண்டியரின் முத்துத் துறைமுகமாக இருந்த கொற்கை இப்போது கடலை விட்டுச் சில கிலோமீட்டர் உள்ளே வயல்களுக்கு நடுவே இருக்கிறது. ஆறு கொண்டுவந்த வண்டல் கடலை அவ்வளவு தூரம் தள்ளிவிட்டது. முகத்துவாரத்தில் படகுகள் கட்டியிருந்தன, வலை காய்ந்துகொண்டிருந்தது. அத்தை சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு கணுக்கால் அளவு இறங்கினார். ஒரு கை அள்ளி வாயில் விட்டு உடனே துப்பினார்.

"கரிக்குது."

பிறகு கொஞ்ச நேரம் எதிரே பார்த்துக்கொண்டு நின்றார். பாபநாசத்தில் பொரி வாங்கித் தின்ற மீன்கள் இவ்வளவு தூரம் வருமா என்று கேட்டார். வராது அத்தை என்றேன். சரி, ஆத்தூரில் வெற்றிலைக் கடை அடைக்கும் முன்னே வண்டியை எடு என்றார்.