கோத்தகிரிச் சோலையில் கருமந்தி பார்க்கப் போகிறவர்களுக்கு

மேட்டுப்பாளையத்தில் இருந்து கோத்தகிரிக்கு 33 கிலோமீட்டர். வளைவுகளின் தடுப்புச் சுவர்மேல் வரிசையாக உட்கார்ந்து வண்டிகளை எண்ணிக்கொண்டிருப்பவை நாட்டுக் குரங்குகள். அவை சமவெளியிலும் உண்டு, கோயில் குளக்கரையிலும் உண்டு. அவற்றைப் படமெடுத்ததோடு குரங்கு பார்த்த கணக்கை முடித்துக்கொண்டு பலர் இறங்கிவிடுவது வருத்தமாக இருக்கிறது. மேற்குத் தொடர்ச்சி மலைக்கு மட்டுமே சொந்தமான கருமந்தி, அதாவது நீலகிரிக் கருங்குரங்கு, பெரும்பாலும் சாலையோரத்தில் கிடைக்காது. குடகு முதல் குமரி மாவட்டத்து ஆரல்வாய்மொழிக் கணவாய் வரையுள்ள மலைக்காடுகளைத் தாண்டி உலகில் வேறெங்கும் அது காட்டில் வாழ்வதில்லை.

பார்ப்பதற்கு நல்ல இடம் லாங்வுட் சோலை. கோத்தகிரி ஊரில் இருந்து சுமார் 3 கிலோமீட்டர், பரப்பு 116 ஹெக்டேர். சுற்றிலும் தேயிலைத் தோட்டமும் வீடுகளும் நெருக்கிவிட்ட பிறகும் எஞ்சி நிற்கும் காடு இது. கோத்தகிரிக்காரர்கள் குடிக்கும் தண்ணீருக்கும் இதுதான் ஆதாரம். 2024 ஜனவரியில், உலகின் முக்கிய ஈரநிலங்களுக்கான ராம்சார் பட்டியலில் சேர்ந்தது. உள்ளே நுழைய வனத்துறை அனுமதி வேண்டும். முந்தின நாளே கேட்டு வைத்துக்கொள்ளுங்கள். சொந்த வண்டியில் மலையேறுவதானால் இ-பாஸ் தனி. அனுமதி கிடைக்காவிட்டாலும் கவலையில்லை, சோலையின் ஓரத்துச் சாலையில் நின்றே கருமந்தியைப் பார்த்துவிட முடியும். காட்டெருமை நடமாட்டம் உள்ள இடம் என்பதால் விடியும் முன் தனியாக நடக்க வேண்டாம்.

காலை ஆறு மணிக்குப் போய் நின்றால் முதலில் வேலை காதுக்குத்தான். கூட்டத்தின் பெரிய ஆண், அதாவது கடுவன், "ஹூ... ஹூ... ஹூ" என்று அடிவயிற்றில் இருந்து முழங்கும், பள்ளத்தாக்கின் எதிர்ப்பக்கம் இன்னொரு கடுவன் பதில் சொல்லும். எல்லைத் தகராறு தரையில் அடிதடியாகாமல் இப்படிக் குரலிலேயே பெரும்பாலும் தீர்கிறது. புதிதாகக் கேட்பவர்கள் இரண்டு குரல்களோடு இதைக் குழப்பிக்கொள்வார்கள். பெரிய மலைப்புறாவின் குரலும் ஆழமானதுதான், ஆனால் அது மெல்ல உள்ளுக்குள் அமுங்கிப் போகும். மலையணில் போடுவது கடகடவென்ற சத்தம். கருமந்தியின் முழக்கத்தோடு பெரும்பாலும் கிளை குலுங்குவதும் கேட்கும், ஏனென்றால் கத்திக்கொண்டே அது மரத்துக்கு மரம் தாவும்.

குரல் வந்த திசையைப் பார்த்து ஓடாதீர்கள். நின்ற இடத்திலேயே பதினைந்து நிமிடம் அசையாமல் இருங்கள். குளிர்ந்த இரவுக்குப் பிறகு முதல் வெயில் விழும் மரத்துச்சிக்குக் கூட்டம் தானாக வரும். உடம்பு மொத்தமும் பளபளக்கும் கறுப்பு. தலையும் கன்னத்து மயிரும் மட்டும் பழைய பித்தளைப் பாத்திரத்தின் மஞ்சள் கலந்த பழுப்பு. வால் உடம்பைவிட நீளம், நுனியில் குஞ்சம் கிடையாது, கிளையில் உட்கார்ந்திருக்கும்போது நேராகத் தொங்கும். பெண்ணுக்குத் தொடையின் உட்பக்கம் வெள்ளைத் திட்டு இருக்கும். ஆண் பெண் பிரித்தறிய அதுவே நல்ல அடையாளம். தாயின் வயிற்றில் செம்பழுப்பாக ஏதோ ஒட்டிக்கொண்டிருந்தால் அது வேறு இனமல்ல, பிறந்து சில வாரமே ஆன குட்டி. மூன்று மாதத்துக்குள் அதுவும் கறுத்துவிடும்.

சிங்கவால் குரங்கு என்று கருமந்தியை எழுதிவிடுகிறவர்கள் நிறைய. சிங்கவாலுக்கு முகத்தைச் சுற்றி வெள்ளியாக நரைத்த பிடரி, வால் சுமார் ஒரு சாண் நீளம், நுனியில் குஞ்சம். அதைப் பார்க்க வால்பாறைப் பக்கம் போவது நல்லது. முதுமலை, மசினகுடிப் பக்கத்து இலையுதிர் காட்டில் கரிய முகமும் சாம்பல் உடம்புமாக இருப்பது சாம்பல் மந்தி. பழந்தமிழில் முசு என்று சொன்னது இந்த மந்தி வகையைத்தான்.

எட்டு மடங்கு பெருக்கும் 8x42 தொலைநோக்கி போதும். அதற்கு மேல் பெருக்கினால் கை நடுக்கமும் பெரிதாகும். கருமந்தி கண்ணில் பட்டதும் அதன் கையைக் கவனியுங்கள். கட்டைவிரல் மிகச் சிறியது. மற்ற நான்கு விரல்களைக் கொக்கி போல வளைத்துக் கிளையை இழுத்து, தளிரையும் இலைக்காம்பையும் கடித்துவிட்டு மீதியை உதறிவிடும். மரத்தடியில் பாதி கடித்த பச்சை இலைகள் வாடாமல் கிடந்தால் தலையை நிமிர்த்துங்கள், கூட்டம் மேலேதான் இருக்கும். சோலை மரங்களோடு, வெள்ளைக்காரர் காலத்தில் கொண்டுவந்து நட்ட சீகை (வாட்டில்) மரத்தின் இலையையும் தின்னப் பழகிவிட்டது. மதியம் மரத்தில் சாய்ந்து அசையாமல் கிடப்பதைச் சோம்பல் என்று நினைக்க வேண்டாம். பல அறைகள் கொண்ட இரைப்பையில் நுண்ணுயிர்கள் இலையை நொதிக்க வைக்கும் நேரம் அது. பிஸ்கட், வாழைப்பழம் போன்ற இனிப்பு உள்ளே போனால் அந்த நொதிப்பு தாறுமாறாகி அமிலம் கூடிவிடும். அன்பாகத்தான் கொடுக்கிறோம் என்றாலும் அதன் வயிற்றுக்கு அது கேடு.

படம் எடுக்கும்போது வழக்கமாக நடக்கும் பிழை ஒன்று உண்டு. வெளுத்த வானத்தின் முன்னால் கறுத்த விலங்கு; கேமரா வானத்தைக் கணக்கில் எடுத்துக்கொண்டு மந்தியை வெறும் நிழலாக்கிவிடும். எக்ஸ்போஷரை +1 முதல் +1.5 வரை கூட்டி, முகத்தில் ஃபோகஸ் வையுங்கள். வானம் வெளுத்துப் போனால் போகட்டும். மூடுபனி இறங்கினால் லென்ஸைத் துடைத்துத் துடைத்து நேரத்தைக் கழிக்காமல் காத்திருங்கள், பத்து நிமிடத்தில் விலகிவிடும். மழைக்காலத்தில் அட்டை ஏறும். காலுறைக்குள் பேண்டைச் செருகி, மேலே உப்பு நீர் தடவிக்கொள்ளுங்கள்.

நாட்டுக் குரங்கு விஷயத்திலும் ஒரு வார்த்தை. அது பல்லைக் காட்டினாலோ வாயைப் பிளந்து உற்றுப் பார்த்தாலோ மிரட்டுகிறது என்று பொருள். கண்ணோடு கண் பார்க்காமல் மெல்லப் பின்வாங்குங்கள். பையைப் பிடித்துவிட்டால் இழுபறி செய்யாமல் விட்டுவிடுங்கள், கடி பெரும்பாலும் அந்த இழுபறியில்தான் விழுகிறது. கடித்தால் சோப்புப் போட்டு ஓடும் தண்ணீரில் பதினைந்து நிமிடம் கழுவி, அன்றே அரசு மருத்துவமனையில் வெறிநாய்க்கடி ஊசி போட வேண்டும்.

கொடைக்கானல் பக்கம் போகிறவர்களுக்கும் இதே முறைதான். பழனி மலைச் சோலைகளின் ஓரத்தில், விடியற்காலையில், வண்டி எஞ்சினை அணைத்துவிட்டு நில்லுங்கள்.

இருமலுக்கும் இளைப்புக்கும் கருங்குரங்கு லேகியம் என்று யாராவது இன்னும் பேச்செடுத்தால் அங்கேயே மறுத்துவிடுங்கள். அந்த நம்பிக்கைக்காகவே எத்தனையோ கூட்டங்கள் சுடப்பட்டு அழிந்தன. 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் உள்ள விலங்கு இது. வேட்டையாடினால் குறைந்தது மூன்று ஆண்டு சிறை.

இப்போது பெரிய ஆபத்து துப்பாக்கியைவிட இடைவெளிதான். சோலை துண்டு துண்டானதால் ஒரு துண்டில் இருந்து அடுத்ததற்குப் போகத் தரையில் இறங்க வேண்டியிருக்கிறது. தரையில் அதற்குப் பழக்கமில்லை; நாயும் வண்டியும் அங்கேதான் காத்திருக்கின்றன. சாலையின் இருபக்க மரங்களும் மேலே கைகோக்காத இடம் வந்தால் வேகத்தை இருபதுக்குக் குறையுங்கள். ஒன்று கடந்ததும் வண்டியை எடுத்துவிடாதீர்கள். பின்னால் குட்டியோடு வரும் தாய் இன்னும் மரத்தில் தயங்கிக்கொண்டிருக்கும்.